ஸ்ப்ளெண்டர் சிலிண்டர் ஹெட்டைத் திறன் கூட்டுவது எப்படி: அளவெடுப்பதில் தொடங்கி முதல் ஓட்டம் வரை

ஹெட் வேலை பழக வருபவர்கள் முதலில் எடுப்பது டை கிரைண்டர், அதாவது கையில் பிடித்து உலோகத்தைக் குடையும் கருவி. இந்த வழிகாட்டியில் அதற்கு வேலை ஐந்தாவது பகுதியில்தான் வருகிறது. போர்ட்டை, அதாவது காற்றும் புகையும் போய்வரும் துளையைப் பெரிதாக்கினால் வண்டி ஓடும் என்ற நம்பிக்கையில் கெட்டுப்போன ஹெட்டுகளைப் பல முறை பார்த்துவிட்டேன். ஹெட்டில் கிடைக்கும் லாபத்தின் பெரும்பகுதி வால்வு உட்காரும் வளையமான சீட்டிலும் அதற்குக் கீழே உள்ள ஒரு சென்டிமீட்டரிலும் இருக்கிறது. கீழே உள்ள வரிசை அந்த ஒரு சென்டிமீட்டரைக் காப்பாற்றுவதற்காக அமைந்தது. எந்தப் படியையும் முன்பின்னாக மாற்ற வேண்டாம்.

எடுத்துக்கொண்டிருப்பது கார்புரேட்டர் வைத்த பழைய ஸ்ப்ளெண்டரின் 97.2 சி.சி. எஞ்சின்: 50 மி.மீ. போர், 49.5 மி.மீ. ஸ்ட்ரோக், இரண்டு வால்வு, சங்கிலியால் ஓடும் ஒற்றைக் கேம். கிடைப்பதும் எளிது, உதிரிப் பாகமும் மலிவு. கை பழக இதைவிட நல்ல ஹெட் கிடையாது. ஃபியூயல் இன்ஜெக்‌ஷன் மாடல்களுக்கு எரிபொருள் பகுதி பொருந்தாது; மற்றவை பொருந்தும்.

1. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

வெர்னியர், 0–25 மி.மீ. மைக்ரோமீட்டர், ஃபீலர் கேஜ், டார்க் ரெஞ்ச், கம்ப்ரஷன் கேஜ், வால்வு ஸ்பிரிங் அழுத்தி. இவற்றில் ஒன்று குறைந்தாலும் கடன் வாங்கிக்கொண்டு பிறகு தொடங்குங்கள்.

கம்பஷன் சேம்பரின் கன அளவைப் பார்க்க ஒரு 25 மி.லி. பியூரெட் வேண்டும். பள்ளி ஆய்வுக்கூடப் பொருள் விற்கும் கடையில் கிடைக்கும். கூடவே, நடுவில் சிறு துளையிட்ட அக்ரிலிக் தகடு ஒன்று.

வெட்டும் வேலைக்கு வேகத்தைக் குறைக்கக்கூடிய டை கிரைண்டர், அலுமினியத்துக்கான அகன்ற பல் கார்பைடு பர் (சுழன்று வெட்டும் முனை), 80 மற்றும் 120 எண் உப்புத்தாள் உருளைகள். இரும்பு வெட்டும் சாதாரண பர்ரில் அலுமினியம் அப்பிக்கொள்ளும். அப்பிய பர் வெட்டாமல் குதிக்கும். குதிக்கும் பர்தான் சீட்டைக் கீறும்.

முகக்கவசமும் கண்ணாடியும் கட்டாயம். அலுமினியத் தூள் கண்ணுக்குத் தெரியாமலே நுரையீரலுக்குப் போகும்.

சீட் வெட்டும் கட்டர் செட் விலை அதிகம். உங்களிடம் இல்லையென்றால் அந்தப் படியை மட்டும் நல்ல மெஷின் பட்டறையில் கொடுங்கள். ஆனால் என்ன கோணம், என்ன அகலம் வேண்டும் என்று எழுதிக் கொடுங்கள். வாயால் சொன்னால் அவர்கள் வழக்கமாகச் செய்வதையே செய்து தருவார்கள்.

2. கழற்றும் முன் எண்களை எழுதிக்கொள்ளுங்கள்

எஞ்சின் சூடாக இருக்கும்போது பிளக்கைக் கழற்றி, த்ராட்டிலை முழுதும் திறந்து வைத்து, கம்ப்ரஷன் கேஜில் வரும் அளவைக் குறியுங்கள். த்ராட்டில் மூடியிருந்தால் காற்று உள்ளே வராது; அளவு பொய்யாகும்.

டாப்பெட் இடைவெளி (ராக்கருக்கும் வால்வுத் தண்டின் நுனிக்கும் நடுவே உள்ளது), மெயின் ஜெட் எண் (கார்புரேட்டரில் பெட்ரோல் வரும் துளையின் அளவு), பிளக்கின் நிறம் ஆகியவற்றையும் எழுதுங்கள். வேலை முடிந்து வண்டி நன்றாக ஓடுவதுபோல் தோன்றும். உண்மையிலேயே கூடியதா என்பதை இந்தப் பழைய எண்கள்தான் சொல்லும்.

பிஸ்டன், ரிங், போர் தேய்ந்திருந்தால் ஹெட்டைத் தொடாதீர்கள். பிளக் துளையில் ஒரு தேக்கரண்டி எஞ்சின் ஆயில் விட்டு மறுபடி அளந்து பாருங்கள். அளவு நன்றாக ஏறினால் கசிவு ரிங்கில். ஏறாவிட்டால் வால்விலோ கேஸ்கெட்டிலோ. கீழே கசியும் எஞ்சினுக்கு மேலே செய்யும் வேலை வீண்.

3. கழற்றுதலும் சுத்தமும்

ஃப்ளைவீலில் உள்ள டி குறியை நேராக்கி, கம்ப்ரஷன் ஸ்ட்ரோக்கில் பிஸ்டனை மேல்முனையில் நிறுத்திய பிறகே கேம் ஸ்ப்ராக்கெட்டைக் கழற்றுங்கள். சங்கிலியை ஒரு கம்பியால் கட்டி வையுங்கள். உள்ளே விழுந்தால் எடுப்பதற்கு ஒரு மணி நேரம் போய்விடும்.

ஹெட்டை அழுத்தும் நான்கு நட்டுகளின் கீழுள்ள வாஷர்களைக் கவனியுங்கள். செப்பு வாஷர் எந்த ஸ்டட்டில் இருந்தது என்று குறித்துக்கொள்ளுங்கள். இடம் மாறினால் ஆயில் கசியும். கேஸ்கெட் கெட்டது என்று நினைத்து மீண்டும் பிரிப்பீர்கள்.

கரியை மண்ணெண்ணெயில் ஊறவைத்து, மரக்குச்சியாலோ பித்தளைத் தூரிகையாலோ எடுங்கள். ஸ்க்ரூ டிரைவர் வேண்டாம். சேம்பரில் விழும் ஒவ்வொரு கீறலின் கூரிய விளிம்பும் சூடேறித் தணல்போல் நிற்கும். கம்ப்ரஷனைக் கூட்டிய பிறகு நாக்கிங், அதாவது கலவை தானாக வெடித்துத் தட்டுவது, அங்கேதான் தொடங்கும்.

சுத்தமானதும் பிளக் துளைக்கும் எக்ஸாஸ்ட் சீட்டுக்கும் நடுவே விரிசல் இருக்கிறதா என்று பாருங்கள். பிறகு நேர்விளிம்பை ஹெட் முகத்தில் குறுக்கும் நெடுக்குமாக வைத்து, 0.05 மி.மீ. ஃபீலர் நுழைகிறதா என்று சோதியுங்கள். நுழைந்தால் முகம் வளைந்திருக்கிறது. ஆனால் அதை இப்போது சீவ வேண்டாம்; 9-ஆம் பகுதியில் வரும்.

4. கைடு முதலில்

புதியவர்கள் பெரும்பாலும் விட்டுவிடும் படி இது. கைடு என்பது வால்வுத் தண்டு ஏறி இறங்கும் குழல். சீட் வெட்டும் கட்டரின் பைலட் கம்பி கைடுக்குள்தான் நிற்கிறது. கைடு தேய்ந்து ஆடினால் பைலட்டும் ஆடும். வெட்டிய சீட் வட்டமாகத் தெரிந்தாலும் மையம் தவறியிருக்கும். பிறகு புது கைடு போட்டால் வால்வு சீட்டில் ஒரு பக்கம் மட்டுமே உட்காரும்.

வால்வை சீட்டிலிருந்து சுமார் 5 மி.மீ. தூக்கிப் பிடித்து, பக்கவாட்டில் அசைத்துப் பாருங்கள். கையில் ஆட்டம் தெளிவாகத் தெரிந்தால் அளவெடுங்கள். தண்டை மேல், நடு, கீழ் என மூன்று இடத்தில் மைக்ரோமீட்டரால் பாருங்கள். நடுவில் குறைவாக இருந்தால் வால்வையும் மாற்ற வேண்டும். இன்டேக்கில் 0.08, எக்ஸாஸ்டில் 0.10 மி.மீ. இடைவெளியைத் தாண்டினால் நான் கைடை மாற்றிவிடுவேன்.

மாற்றும்போது ஹெட் முழுவதையும் அடுப்பில் 130 முதல் 140 டிகிரி செல்சியஸ் வரை சூடாக்குங்கள். புதிய கைடைக் குளிர்பதனப் பெட்டியின் உறைபகுதியில் வைத்திருங்கள். கேஸ் டார்ச்சின் தீயை ஓரிடத்தில் காட்டினால் ஹெட் வளையும். கைடு உட்கார்ந்து ஆறிய பிறகு ரீமர் போடுங்கள். ரீமரைத் திருப்பிய திசையிலேயே சுழற்றி வெளியே எடுக்க வேண்டும். எதிர்த்திசையில் சுழற்றினால் அதன் விளிம்பு மழுங்கும்.

5. போர்ட் வேலை: எங்கே வெட்டுவது, எங்கே கை வைக்கக் கூடாது

போர்ட் வேலை சீட் வெட்டுவதற்கு முன்பே முடிய வேண்டும். எவ்வளவு கவனமாக இருந்தாலும் பர் ஒரு முறையாவது நழுவும். பழைய சீட்டில் கீறல் விழுந்தால் அடுத்த படியில் போய்விடும்; புதுச் சீட்டில் விழுந்தால் செய்த வேலை போய்விடும்.

வெட்டும் முன் ஒரு கணக்கைப் பாருங்கள். 8,000 சுழற்சியில் இந்த எஞ்சினின் சராசரி பிஸ்டன் வேகம் விநாடிக்கு 13.2 மீட்டர். இன்டேக் போர்ட் 20 மி.மீ. என்று வைத்துக்கொண்டால், அதற்குள் காற்றின் சராசரி வேகம் விநாடிக்குச் சுமார் 82 மீட்டர். அதே போர்ட்டை 23 மி.மீ. ஆக்கினால் வேகம் 62 மீட்டராகக் குறைகிறது. மூன்று மி.மீ. வெட்டியதில் கால் பங்கு வேகம் போயிற்று. வேகம் குறைந்த காற்று பெட்ரோலைத் துளியாக ஏந்திச் செல்லாது. அது சுவரில் வழியும். இன்டேக் வால்வு மூடும் நேரத்தில் உள்ளே முட்டித் தள்ளும் விசையும் குறையும். எனவேதான் ‘பெரிய போர்ட்’ போட்ட வண்டிகள் மேடு ஏறத் திணறுகின்றன.

என்னிடம் பயின்ற ஓர் இளைஞர் முதல் ஹெட்டில் இன்டேக் போர்ட்டை வாயிலிருந்து கைடு வரை சீராக அகலப்படுத்தி, கண்ணாடிபோல் மெருகேற்றிக் கொண்டுவந்தார். கை வேலை அவ்வளவு அழகு. வண்டியில் பூட்டினால் மூன்றாவது கியரில் மெதுவாகப் போகும்போது இழுவையே இல்லை. இன்னொரு ஹெட்டில் சீட்டுக்குக் கீழே மட்டும் வேலை செய்யச் சொன்னேன். ஒரு மாலையில் முடித்தார். அந்த ஹெட்தான் இன்றும் அவர் வண்டியில் ஓடுகிறது.

வேலை செய்ய வேண்டிய இடங்கள் மூன்று.

முதலாவது, சீட்டுக்கு நேர் கீழே உள்ள தொண்டை. தொழிற்சாலையில் சீட் வளையம் அழுத்திய இடத்தில் அலுமினியம் ஒரு படிபோல் நிற்கும். அந்தப் படியை மட்டும் எடுத்து வளையத்துடன் இழைத்துவிடுங்கள். தொண்டையின் விட்டம் வால்வு விட்டத்தில் 85 முதல் 90 விழுக்காடு வரை இருக்கலாம். 24 மி.மீ. வால்வு என்றால் 20.4 முதல் 21.6 மி.மீ. அதற்கு மேல் போனால் சீட் வெட்ட உலோகம் இருக்காது.

இரண்டாவது, கைடு போர்ட்டுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் இடம். கைடைச் சுற்றியுள்ள அலுமினிய மேட்டைப் பக்கவாட்டில் மெலிதாக்கி, படகின் முனைபோல் ஆக்குங்கள். கைடையே வெட்டிக் குட்டையாக்க வேண்டாம். வால்வுத் தண்டைத் தாங்குவதும், அதன் சூட்டை வாங்குவதும் அதுதான். எக்ஸாஸ்டில் இது உயிர்.

மூன்றாவது, இன்டேக் குழாயும் இன்சுலேட்டரும் ஹெட்டும் சேரும் வாய். ஓட்டம் சிறிய துளையிலிருந்து பெரிய துளைக்குப் போனால் பெரிய தீங்கில்லை. பெரியதிலிருந்து சிறியதன் விளிம்பில் முட்டினால் தீங்கு. கேஸ்கெட் துளை போர்ட்டுக்குள் நீட்டுகிறதா என்றும் பாருங்கள். எக்ஸாஸ்டில் சைலன்சர் குழாய் போர்ட்டைவிடச் சற்றே பெரிதாக இருப்பது நல்லது; திரும்பி வரும் புகையலையை அந்தப் படி தடுக்கும்.

கை வைக்கக் கூடாத இடம் ஒன்று: போர்ட் வளையும்போது உள்பக்கம் வரும் குட்டை வளைவு. காற்று அங்கேதான் சுவரை விட்டுப் பிரியும். அதைத் தாழ்த்தினால் வளைவு கூர்மையாகி, பிரிவது இன்னும் முன்பே நடக்கும். 120 உப்புத்தாளால் தடவுங்கள், பர் வேண்டாம்.

இன்டேக்கை 80 உப்புத்தாள் சொரசொரப்பில் நிறுத்துங்கள். கார்புரேட்டர் வண்டியில் சுவரில் படியும் பெட்ரோலை அந்தச் சொரசொரப்பு உடைத்துக் காற்றில் சேர்க்க உதவும். எக்ஸாஸ்டை மெருகேற்றலாம், கரி படிவது குறையும்.

தொடங்கும் முன்பும் முடித்த பின்பும் வால்வை மூடி வைத்து, போர்ட்டில் எத்தனை மி.லி. மண்ணெண்ணெய் கொள்கிறது என்று அளந்து எழுதுங்கள். நீங்கள் எடுத்த உலோகம் எவ்வளவு என்பதற்கு அதுவே சாட்சி.

6. சீட்: இந்த வேலையின் இதயம்

வால்வு திறக்கத் தொடங்கும்போது காற்றுக்கு வழி போர்ட்டின் பரப்பு அல்ல. வால்வுக்கும் சீட்டுக்கும் நடுவே உள்ள மெல்லிய வளைய இடைவெளி. 24 மி.மீ. வால்வு 6 மி.மீ. உயர்ந்தால்தான் அந்த இடைவெளியின் பரப்பு வால்வு வாயின் பரப்புக்குச் சமமாகும். அதுவரை சீட்டின் வடிவம்தான் ஓட்டத்தை ஆள்கிறது.

மூன்று கோணங்கள் வேண்டும். வால்வு உட்காரும் முகம் 45 டிகிரி. அதற்கு மேலே, சேம்பர் பக்கம் 32 டிகிரி. கீழே, தொண்டைப் பக்கம் 60 டிகிரி.

முதலில் 45-ஐ வெட்டுங்கள், சீட் முழுவதும் பளிச்சென்று வரும் வரை மட்டும். பிறகு 32-ஆல் மேலிருந்தும் 60-ஆல் கீழிருந்தும் குறைத்து, 45-இன் அகலத்தை அளவுக்குக் கொண்டுவாருங்கள். இன்டேக்கில் 1.0 மி.மீ., எக்ஸாஸ்டில் 1.2 மி.மீ. எக்ஸாஸ்ட் வால்வு தன் சூட்டின் பெரும்பகுதியைச் சீட் வழியாகவே ஹெட்டுக்குக் கடத்துகிறது. ஓட்டத்துக்கு ஆசைப்பட்டு அதை 0.7 மி.மீ. ஆக்கியவர்கள் வால்வு விளிம்பு எரிந்துபோய்த் திரும்பி வந்திருக்கிறார்கள்.

பிரஷ்யன் நீலத்தை வால்வு முகத்தில் மெல்லத் தடவி, சீட்டில் அழுத்தி எடுங்கள். நீல வளையம் வால்வு முகத்தின் நடுவிலோ, சற்றே வெளிவிளிம்பு நோக்கியோ விழ வேண்டும். மிக மேலே இருந்தால் 32 கட்டர், மிகக் கீழே இருந்தால் 60 கட்டர்.

கட்டரை அழுத்தாதீர்கள். ஒரு சுற்றுக்கு ஒரு முறை நிறுத்திப் பாருங்கள். எடுத்த உலோகத்தைத் திரும்ப வைக்க முடியாது. வால்வு ஒவ்வொரு முறையும் உள்ளே அமிழ்கிறது.

7. லேப்பிங், கசிவுச் சோதனை

லேப்பிங் என்பது வால்வைச் சீட்டில் பேஸ்ட் வைத்துத் தேய்ப்பது. நன்றாக வெட்டிய சீட்டுக்கு அது அரை நிமிடம் போதும். மென்மையான கிரைண்டிங் பேஸ்ட்டை மட்டும் எடுங்கள். முன்னும் பின்னும் சுழற்றி, அவ்வப்போது தூக்கி இடம் மாற்றி வையுங்கள். சாம்பல் நிறத்தில் அறுபடாத ஒரு வளையம் வந்ததும் நிறுத்துங்கள். மேலும் தேய்த்தால் வால்வில் பள்ளம் விழும். வெட்டிய கோணமும் போகும்.

பேஸ்ட்டின் ஒரு துகள்கூட மிஞ்சக் கூடாது. மண்ணெண்ணெயில் கழுவி, பிறகு சோப்பு நீரில் கழுவி, வெள்ளைத் துணியால் கைடுக்குள்ளும் துடையுங்கள்.

ஸ்பிரிங் பூட்டியபின் போர்ட்டில் மண்ணெண்ணெய் ஊற்றிப் பத்து நிமிடம் விடுங்கள். சேம்பர் பக்கம் ஈரம்கூடத் தெரியக் கூடாது. தெரிந்தால் முந்தைய படிக்குப் போங்கள். ‘ஓட ஓடச் சரியாகிவிடும்’ என்று யார் சொன்னாலும் கேட்க வேண்டாம்.

8. ஸ்பிரிங் உயரம்

சீட் வெட்டியதால் வால்வு அமிழ்ந்து, தண்டின் நுனி மேல்பக்கம் கூடுதலாக நீட்டும். ஸ்பிரிங் அந்த அளவுக்குத் தளர்ந்து நிற்கும். அதிகச் சுழற்சியில் தளர்ந்த ஸ்பிரிங் கேமைப் பின்தொடராது, வால்வு மிதக்கும். வேலைக்கு முன்பிருந்த பூட்டிய உயரத்துக்குத் திரும்பும் அளவு ஸ்பிரிங்கின் கீழே ஷிம் (மெல்லிய வளையத் தகடு) வையுங்கள்.

9. கம்ப்ரஷன்: அளந்து, கணக்கிட்டு, பிறகு சீவுங்கள்

கன அளவைக் கடைசியில் பார்ப்பதற்குக் காரணம் உண்டு. 24 மி.மீ. வால்வு 0.3 மி.மீ. அமிழ்ந்தால் சேம்பர் ஏறத்தாழ 0.14 சி.சி. கூடும். முதலிலேயே சீவியிருந்தால் கணக்குத் தவறும்.

சேம்பர் மேலே பார்க்கும்படி ஹெட்டைத் தட்டையாக வைத்து, பிளக்கைப் பூட்டி, விளிம்பில் கிரீஸ் தடவி, அக்ரிலிக் தகட்டை ஒட்டுங்கள். பியூரெட்டிலிருந்து நிறம் கலந்த மண்ணெண்ணெயை விட்டு, காற்றுக் குமிழி இல்லாமல் நிறையும்போது அளவைப் படியுங்கள். அதனுடன் கேஸ்கெட்டின் கன அளவைக் கூட்டி, பிஸ்டன் தலையின் மேட்டைக் கழிக்க வேண்டும்.

கழிப்பது குழப்பமாக இருந்தால், எஞ்சினைத் தற்காலிகமாகப் பூட்டி, பிஸ்டனை மேல்முனையில் நிறுத்தி, பிளக் துளை வழியாகவே நிரப்புங்கள். இந்த எஞ்சினின் சிலிண்டர் ஏறத்தாழப் படுத்திருப்பதால், பிளக் துளை உச்சியில் வரும்படி எஞ்சினைச் சாய்க்க வேண்டும். ரிங் ஓரத்தில் கிரீஸ் தடவியிருந்தால் கீழே கசியாது. துளையின் வாய் வரை நிரப்பினால், 10 மி.மீ. பிளக் துளைக்காக ஏறத்தாழ 0.9 சி.சி. கழியுங்கள்.

கணக்கு எளிது: 97.2-ஐக் கிடைத்த அளவால் வகுத்து, ஒன்றைக் கூட்டுங்கள்; அதுவே கம்ப்ரஷன் விகிதம். 12.5 சி.சி. என்றால் 8.8. 11.5 சி.சி. என்றால் 9.45. போரின் பரப்பு 19.6 சதுர சென்டிமீட்டர், ஆகவே 0.5 மி.மீ. சீவினால் அதிகபட்சம் 1 சி.சி. குறையும். சேம்பரின் சுவர் சரிந்திருப்பதால் நடைமுறையில் சற்றுக் குறைவாகவே குறையும். 0.2 மி.மீ. சீவி, மறுபடி அளந்து, பிறகு அடுத்த 0.2.

சாலையில் ஓடும், காற்றால் குளிரும் இந்த எஞ்சினுக்கு 9.5 போதும். அதற்கு மேல் போனால் மே மாத வெயிலில், இருவர் ஏறி மேட்டில் போகும்போது நாக்கிங் கேட்கலாம்.

சீவியதும் சங்கிலி விவகாரம் வருகிறது. கேம் தண்டு கிராங்குக்கு அருகில் வந்துவிட்டதால் கேம் டைமிங் பின்தங்கும். ஸ்ப்ராக்கெட்டின் ஆரம் 30 மி.மீ. என்றால், 0.5 மி.மீ. சீவலுக்குக் கிராங்கில் ஏறத்தாழ 2 டிகிரி. இதைச் சரிசெய்யச் சங்கிலியை ஒரு பல் தள்ளிப் போடுபவர்கள் இருக்கிறார்கள். 28 பல் ஸ்ப்ராக்கெட்டில் ஒரு பல் என்பது கிராங்கில் 25 டிகிரிக்கு மேல்; வால்வு பிஸ்டனில் மோதலாம். 2 டிகிரியை அப்படியே விடலாம், அல்லது ஸ்ப்ராக்கெட்டின் போல்ட் துளைகளை நீளவாக்கில் சற்றே திறந்து சரிசெய்யலாம்.

10. வால்வுக்கும் பிஸ்டனுக்கும் இடைவெளி

பிஸ்டன் தலையில், வால்வுப் பள்ளங்களின் மேல் குழந்தைகள் விளையாடும் களிமண்ணை வைத்து, மேலே சிறிது எண்ணெய் தடவுங்கள். பழைய கேஸ்கெட்டுடன் ஹெட்டைப் பூட்டி, டாப்பெட் இடைவெளியைச் சரிசெய்து, கிராங்கைக் கையால் இரண்டு முழுச் சுற்று சுற்றுங்கள். எங்காவது தட்டினால் அங்கேயே நிறுத்துங்கள்.

களிமண்ணை வெட்டி, மெல்லிய இடத்தை அளவெடுங்கள். இன்டேக்கில் 1.0, எக்ஸாஸ்டில் 1.5 மி.மீ. குறைந்தபட்சம். எக்ஸாஸ்டுக்குக் கூடுதல் ஏன் என்றால், வால்வு மூடும்போது பிஸ்டன் அதைத் துரத்திக்கொண்டு மேலே வருகிறது. சூட்டில் வால்வும் நீள்கிறது.

11. பூட்டுதல்

புது கேஸ்கெட். ஸ்டட்டுகளில் ஒரு துளி எண்ணெய். நட்டுகளை எதிரெதிர் மூலையாக, மூன்று தவணையில் இறுக்குங்கள். இறுதி அளவை உங்கள் மாடலின் சர்வீஸ் புத்தகத்தில் பாருங்கள். கைப்பழக்கத்தில் இறுக்கினால், சீவி நேராக்கிய முகம் மறுபடி வளையும்.

கேம் ஓடும் இடங்களிலும் ராக்கரிலும் எஞ்சின் ஆயிலைத் தாராளமாக விடுங்கள். முதல் விநாடிகளில் பம்ப் ஆயில் அங்கே வந்திருக்காது. டாப்பெட் இடைவெளி பழைய மாடல்களில் 0.05 மி.மீ., எஞ்சின் முழுதும் ஆறியிருக்கும்போது.

12. ஜெட்டும் முதல் ஓட்டமும்

ஹெட் இப்போது கூடுதல் காற்றை இழுக்கும். பெட்ரோல் பழைய அளவில் இருந்தால் கலவை மெலியும், பிஸ்டன் சூடேறும். மெயின் ஜெட்டை ஓர் எண் ஏற்றித் தொடங்குங்கள். புதுப் பிளக் பூட்டி, ஆளில்லாத நேரான சாலையில் முழு த்ராட்டிலில் சிறிது தூரம் ஓட்டி, கிளட்சைப் பிடித்து, எஞ்சினை அணைத்து நிறுத்திப் பிளக்கைப் பாருங்கள். வெளுத்திருந்தால் இன்னும் ஓர் எண் ஏற்றுங்கள். கருத்து ஈரமாக இருந்தால் இறக்குங்கள். இளம் பழுப்பு வந்தால் நிறுத்துங்கள்.

இந்தச் சோதனை ஓட்டம் தவிர, முதல் நூறு கிலோமீட்டர் பாதி த்ராட்டிலில் ஓட்டுங்கள். எஞ்சின் ஆறிய பிறகு டாப்பெட் இடைவெளியைப் பாருங்கள். மீண்டும் சூடாக்கி, கம்ப்ரஷன் அளவை 2-ஆம் பகுதியில் எழுதிய எண்ணுடன் ஒப்பிடுங்கள். ஐந்நூறு கிலோமீட்டரில் மீண்டும் ஒரு முறை. இன்டேக் இடைவெளி மாறாமல் எக்ஸாஸ்ட் மட்டும் இறுகிக்கொண்டே வந்தால், அந்தச் சீட் அமிழ்கிறது என்று பொருள். வால்வு எரியும் முன் ஹெட்டைத் திரும்ப மேசைக்குக் கொண்டுவாருங்கள்.